வெந்த விதைக்கு மறுமொழி

மண் வாழ்க. மழை வாழ்க. மழையை நம்பி மண்ணைத் தொடும் கைகள் வாழ்க.

கல்லும் கரடும் சூழ்ந்த கரம்பை நாட்டின் காவலியும், விண்ணுலகு எய்திய வேந்தர் கரம்பர்கோன் விட்டுச் சென்ற செங்கோலைத் தாழாமல் ஏந்தி நிற்பவளும், விதைச்சோற்றுப் பானைக்கு முதல் தீ மூட்டும் உரிமை உடையவளுமான தும்பைமாதேவி, ஈராற்று நன்னாட்டின் வேந்தரும், வற்றாத நீருக்கும் வாடாத வயலுக்கும் உரியவரும், நம்முடன் பிறந்த இளையவருமான மருதவேள் பெருமகனாருக்கு எழுதுவித்து விடுக்கும் ஓலை.

தங்கள் நாட்டின் இரண்டு ஆறுகளும் கரை தொட்டு ஓடுக. தங்கள் களத்துமேடுகள் நிறைக. தங்கள் வீட்டு அடுப்பு அணையாதிருக்க. இவை யாவும் வழக்கப்படி முதலில் சொல்ல வேண்டியவை. சொல்லிவிட்டோம். வாழ்த்தில் பொய் இல்லை. அந்த ஆறுகள் ஓட வேண்டும் என்றே இப்போதும் விரும்புகிறோம், ஏனெனில் அவை நாம் குளித்து வளர்ந்த ஆறுகள்.

தாங்கள் அன்புடன் அனுப்பிய தட்டைப்பயற்று வண்டிகள் யாவும் மூட்டை குறையாமல் எங்கள் கோட்டை வாயிலை அடைந்தன. தங்கள் தூதர் அணிமுடியார் அவையின் நடுவே நின்று தங்கள் ஓலையை உரத்த குரலில் படித்தார். அக்காளின் நாட்டு வயலும் தம் நாட்டு வயலே என்றும், ஈராற்று மண்ணில் விளைந்த விதை கரம்பை மண்ணிலும் விளைந்து இரு நாட்டையும் ஒரு கொடியாகப் பின்ன வேண்டும் என்றும் அதில் தாங்கள் எழுதியிருந்தீர்கள். அவையில் அழும் வழக்கம் எமக்கு இல்லை. கணவர் இறந்த நாளிலும் அரியணையில் அமர்ந்து அழுததில்லை. அன்று அழுதோம். பிறந்த வீடு நம்மைக் கைவிடவில்லை என்று எங்கள் முரட்டுப் படைத்தலைவர் கோட்டெயிலாரிடம் பெருமை வேறு பேசினோம். அவர் பாவம், தம் வாளுறையைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

எங்கள் நாட்டின் நிலைமை தங்களுக்குத் தெரியாதது அன்று. மழை தொடர்ந்து பொய்த்தது. முதலில் தானியம் தீர்ந்தது. பிறகு குதிர்களின் அடியில் கிடந்ததைச் சுரண்டினார்கள். கடைசியில் விதைக்கென்று சாம்பல் கலந்து புதைத்து வைத்திருந்த பானைகளையும் தாய்மார் தோண்டி எடுத்து, கழுவி, பிள்ளைகளுக்கு வேகவைத்துக் கொடுத்தார்கள். அதற்காக எவரையும் நாம் கடிந்துகொள்ளவில்லை. பசித்த பிள்ளையின் முன் விதை, உணவு என்ற பாகுபாடு நிற்காது. ஆனால் அதன் பின் நாட்டில் விதை என்று சொல்ல ஒரு பிடி கூட மிஞ்சவில்லை.

எங்கள் மண்ணின் குணமும் தாங்கள் அறிந்ததே. ஈராற்று வயலைப் போல நீரைப் பிடித்து வைத்துக்கொள்ளும் மண் அன்று இது. முதல் மழை பெய்தால் அந்த ஈரம் சில நாள்களே நிற்கும். அதற்குள் பயறு மண்ணில் விழ வேண்டும். விழுந்தால் அடுத்த மழை வரை அது தாக்குப்பிடிக்கும். விழாவிட்டால் அந்த ஆண்டு முழுவதும் வெறும் நிலம்தான். ஆகவேதான் மானத்தை ஓரமாக வைத்துவிட்டுத் தங்களிடம் கையேந்தினோம். உணவு கேட்கவில்லை. விதை கேட்டோம். உணவு கேட்டிருந்தால் நாளை மறுபடியும் கேட்க வேண்டியிருக்கும். விதை ஒரு முறை கேட்டால் போதும் என்று நினைத்தோம்.

மூட்டையைப் பிரித்ததும் பயறு மினுமினுவென்று இருந்தது. மேலே ஆமணக்கெண்ணெய் தடவியிருந்தது. வண்டு துளைக்காமல் இருக்க எல்லா நாட்டிலும் செய்வதுதான். என்றாலும் இவ்வளவு தாராளமாக எண்ணெய் பூசி எவரும் பார்த்ததில்லை. வழியில் பூச்சி அரிக்கக்கூடாது என்று தம்பி எவ்வளவு அக்கறை எடுத்திருக்கிறான் பாருங்கள் என்று அவையோரிடம் சொன்னோம். சொன்ன வாயை இப்போது நினைத்தாலும் கசக்கிறது.

இனி எங்கள் நாட்டு வழக்கம் ஒன்றைச் சொல்ல வேண்டும். தாங்கள் அறிந்திராத வழக்கம் இது. அறிந்திருந்தால் இந்த ஓலைக்கே தேவை வந்திருக்காது.

கரம்பை நாட்டில் அரசி உண்ணாத விதையைக் குடிமக்கள் விதைப்பதில்லை. மழைமேகம் மலைக்குத் தெற்கே கூடியதும், விதைப்பயற்றில் ஒரு படியை எடுத்து அரசி தன் வீட்டு அடுப்பில், தன் கையால், அரிசியோடு சேர்த்து ஒரு பானைச் சோறாகச் சமைக்க வேண்டும். பரிசாரகர் எவரும் கரண்டியைத் தொடக்கூடாது. நெய் இல்லை, இறைச்சி இல்லை, இனிப்பு இல்லை. ஏழை வீட்டில் என்ன இருக்குமோ அதுதான். ஊர்த்தலைவர்கள் முற்றத்தில் அமர்ந்திருக்க, அரசி முதல் பிடியை உண்பாள். அதன் பிறகே மூட்டைகள் ஊர்களுக்குப் பிரியும். இதற்கு விதைச்சோறு என்று பெயர். இதைக் கேட்ட தங்கள் தூதர் அணிமுடியார், அரசியாரே அடுப்பூதுவார்களோ என்று பக்கத்திலிருந்தவரிடம் கேட்டுச் சிரித்ததாகச் செய்தி வந்தது. ஆம், ஊதுவோம். எங்கள் ஊதுகுழலில் வெள்ளிப்பூண் கூடக் கிடையாது.

அந்த வழக்கத்தில் இன்னும் ஒன்று உண்டு. நம் பிறந்த நாட்டில் பயற்றை ஊறவைத்து, வடித்து, நேரே பானையில் போடுவார்கள். இங்கே அப்படிச் செய்வதில்லை. ஊறிய பயற்றை ஈரத்துணியில் மூட்டையாகக் கட்டி, நிழலில் தொங்கவிட்டு, அவ்வப்போது நீர் தெளித்து, முளை மூக்கு நீட்டிய பிறகுதான் சமைப்பார்கள். முளைகட்டிய பயறு வயிற்றில் கனக்காது, ஏர் பிடிப்பவனுக்கு வலுவும் தரும் என்று எங்கள் மருத்துவர்கள் சொல்வார்கள். நாம் மருமகளாக வந்தபோது இது என்ன தேவையில்லாத வேலை என்றுதான் எமக்கும் தோன்றியது. இப்போது தெரிகிறது, இந்த நாட்டு முன்னோர் வேலையற்றவர்கள் அல்லர் என்று.

மாலையில் பயற்றைப் பலமுறை கழுவினோம். எண்ணெய் போகும்வரை தவிடு தேய்த்துக் கழுவினோம். எண்ணெய் போனதும் தோல் தெரிந்தது. ஈரம் பட்ட பயற்றின் தோல் சுருங்குவது இயல்பு, பிறகு விரிந்துவிடும் என்று மனத்தைத் தேற்றிக்கொண்டோம். ஊறவைத்தோம். மறுநாள் வடித்துத் துணியில் கட்டினோம். வடித்த நீர் கஞ்சி போலக் கலங்கியிருந்தது. அதையும் பார்க்காதது போல இருந்துவிட்டோம்.

முற்றம் நிறைய ஊர்த்தலைவர்கள் அமர்ந்திருந்தார்கள். அவர்களுக்குப் பின்னால் பெண்கள், பிள்ளைகள், நடக்க முடியாத கிழவர்கள் கூட வந்திருந்தார்கள். நாம் முடிச்சை அவிழ்த்தோம். முளை இல்லை. ஒன்றில் கூட இல்லை. பயறு கொழகொழவென்று விரலில் ஒட்டியது. புளித்த வாடை அடித்தது. ஒன்றை நசுக்கினோம். சோற்றுப் பருக்கை போல மசிந்தது.

புழுங்கல் நெல் முளைக்காது என்பது அரிசி உண்ணும் எந்த நாட்டுப் பிள்ளைக்கும் தெரியும். ஒரு கொதி கண்ட தானியத்துக்கு உயிர் கிடையாது. கையில் இருந்த பயறு ஏற்கெனவே கொதி கண்டது என்று அந்த நொடியே எமக்கு விளங்கிவிட்டது. ஆனால் வாய் திறக்கவில்லை. திறந்தால் தங்கள் பெயரைச் சொல்ல வேண்டும்.

எமக்கு அடுப்புக்கு விறகு எடுத்துத் தரும் பூளாச்சி என்ற பெண் எம் முகத்தைப் பார்த்தாள். அருகில் வந்து குனிந்து அவள் சொன்னதை அவள் சொன்னபடியே எழுதச் சொல்கிறோம். “தாயே, பழிய எம்மேல போட்டுருங்க. துணிய நாந்தான் ஒழுங்காக் கட்டலன்னு சொல்லிருங்க. பொறந்த வீட்டுப் பேரு சந்தி சிரிக்க வேணாம்.” இப்படிச் சொன்னாள். அவள் துணியைத் தொடவே இல்லை. தொடவும் கூடாது. தங்கள் மானத்தைக் காக்க எங்கள் விறகுக்காரி தன் மானத்தைத் தர வந்தாள் என்பதை ஈராற்று வேந்தர் அறிய வேண்டும்.

அன்று சடங்கை நிறுத்தி, துணி சரியில்லை, மறுபடி பார்ப்போம் என்று நாமே சொல்லி அனைவரையும் அனுப்பினோம். பிறகு தங்களுக்காகச் சாக்குகளைத் தேடினோம். வழியில் மழை பட்டிருக்கலாம் என்றோம். வண்டியின் மேல் வெயில் காய்ந்திருக்கலாம் என்றோம். அந்த ஒரு மூட்டை மட்டும் கெட்டிருக்கலாம் என்றோம். ஒவ்வொரு மூட்டையாகப் பிரித்து, ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு கைப்பிடி எடுத்து, தனித்தனித் துணியில் கட்டினோம். மடைப்பள்ளிக் கொடி முழுவதும் சிறு சிறு முடிச்சுகளாகத் தொங்கின. கோட்டெயிலார் அவற்றுக்கு நடுவே குனிந்து குனிந்து நடந்தார்.

அப்போதுதான் வண்டிக்காரர்களின் நினைவு வந்தது. அவர்கள் ஈராற்று நாட்டார், வழியில் தாங்களே சமைத்து உண்பவர்கள். அவர்களில் ஒருவரை அழைத்து, உண்ணக் கொண்டுவந்த பயறு மீதம் இருக்கிறதா என்று கேட்டோம். அவர் பெயரை இந்த ஓலையில் எழுதமாட்டோம், தங்கள் கோபம் அவர் வீட்டு வாசலுக்குப் போகக்கூடாது. “இது எங்க வீட்டுப் பயறு தாயி, திங்கக் கொண்டாந்தது. அரமணைக்கு ஆகுற அளவுக்கு அழகா இருக்காது” என்று கூச்சத்தோடு ஒரு பையை நீட்டினார். அதில் எண்ணெய் இல்லை. வண்டு துளைத்தவை கூட இருந்தன. அதையும் அதே நீரில் ஊறவைத்து, அதே கொடியில் கட்டினோம்.

வண்டிக்காரரின் பயறு முளைத்தது. வெள்ளை வெளேரென்று மூக்கை நீட்டிக்கொண்டு துணியையே துளைத்தது. வேந்தர் அனுப்பியது நாறியது.

ஒரே நாட்டுப் பயறு. ஒரே வண்டி. ஒரே வழி, ஒரே வெயில். அதன் பின் தங்களுக்காகத் தேட எமக்குச் சாக்கு எதுவும் மிஞ்சவில்லை.

தூதர் அணிமுடியாரை அழைத்தோம். அடிக்கவில்லை, மிரட்டவில்லை. முளைத்த துணியையும் முளைக்காத துணியையும் அவர் முன்னால் பக்கம் பக்கமாக வைத்தோம், அவ்வளவே.  அவர் பேசினார். கரம்பை நாடு தன் பயற்றைத் தானே விளைத்துக்கொண்டால் ஈராற்றுக் களஞ்சியத்தின் வாயிலில் வந்து நிற்காது என்றும், பசித்த உறவே பணிந்த உறவாக இருக்கும் என்றும் தங்கள் அமைச்சர்கள் ஆலோசனை கூறியதாகச் சொன்னார். இந்த விதை மண்ணில் மக்கிப் போனால் மழையின் மேலும் மண்ணின் மேலும் பழி போகுமே தவிர, ஈராற்றின் மேல் வராது என்று அவர்கள் எடுத்துரைத்ததாகச் சொன்னார். தாங்கள் முதலில் மறுத்ததாகவும், பிறகு பேசாமல் இருந்ததாகவும், அதன் பிறகு தலையசைத்ததாகவும் சொன்னார்.

இதுவரை கேட்டது வலிக்கவில்லை என்று சொல்லமாட்டோம். ஆனால் அரசர்கள் அமைச்சர் பேச்சைக் கேட்டுக் கெட்டுப்போவது புதிது அன்று. பொறுத்துக்கொண்டிருப்போம். அடுத்து அவர் சொன்னதுதான் பொறுக்க முடியவில்லை. அண்டாக்களில் கொதிகாட்டி, வெயிலில் உலர்த்தி எடுத்த பயற்றின் தோல் சுருங்கியிருந்ததாம். அதை எவரும் கவனிக்கவில்லையாம். தாங்கள் ஒருவர் மட்டுமே கவனித்து, அக்காள் முதலில் தோலைத்தான் பார்ப்பாள், எண்ணெய் பூசுங்கள் என்று கட்டளையிட்டீர்களாம்.

மருதா, இதுவரை தாங்கள் என்று எழுதினேன். இனி முடியாது. எழுதும் கணக்கனார் எழுத்தாணியை நிறுத்திவிட்டு என்னைப் பார்க்கிறார். அப்படியே எழுதும் என்று சொல்லிவிட்டேன்.

அக்காள் தோலைத்தான் பார்ப்பாள் என்பது உனக்கு எப்படித் தெரியும்? அம்மா போனபிறகு அரண்மனையில் யார் எதைக் கலப்பார்கள் என்று தெரியாத நாள்களில், உன் வயிறு எதையும் ஏற்காமல் நீ நூலாக இளைத்துக் கிடந்தபோது, வெறும் பயறும் அரிசியும் சேர்த்துப் பொங்கிய சோறு மட்டும் கொடுங்கள் என்று மருத்துவர் சொன்னார். நான் யாரையும் நம்பவில்லை. என் அறையின் மூலையில் கல் கூட்டி நானே சமைத்தேன். முறத்தில் பயற்றைப் பரப்பி, சுருங்கியது, சொத்தை, துளை விழுந்தது என்று ஒவ்வொன்றாகப் பொறுக்கிப் போடுவேன். நீ பக்கத்தில் உட்கார்ந்து, இது ஆகுமா, இது ஆகுமா என்று கேட்டுக்கொண்டே இருப்பாய். பசி பொறுக்காமல் உப்பை முதலிலேயே அள்ளிப் போட்டுவிடுவாய். உப்பு முதலில் விழுந்தால் பயறு வேகாது, இன்னும் நேரமாகும் என்று திட்டுவேன். மறுநாளும் அதையேதான் செய்வாய்.

உனக்கு விஷம் விழுந்துவிடக்கூடாது என்று நான் பார்த்துப் பார்த்துப் பொறுக்கியதை நீ பக்கத்திலிருந்து படித்துக்கொண்டாய். படித்ததை எனக்கே திருப்பிவிட்டாய். படையெடுத்து வந்திருந்தால் எதிரி என்று எழுதிவிட்டுப் போயிருப்பேன். தரமாட்டேன் என்று சொல்லியிருந்தால் கஞ்சன் என்று வைதிருப்பேன். வாசலுக்கு வந்தவளுக்குப் பிணத்தை எண்ணெய் தேய்த்து, அலங்கரித்து, பரிசு என்று கொடுத்தாயே. இதற்கு எந்தப் பெயர் வைப்பது என்று எனக்குத் தெரியவில்லை. நெஞ்சு எரிகிறது, மருதா. அவ்வளவுதான் சொல்லத் தெரிகிறது.

இனி நாம் செய்தவற்றைக் கேள்.

ஊர்த்தலைவர்களை மறுபடி அழைத்து உண்மையைச் சொன்னோம். மறைக்கவில்லை.  கோட்டெயிலார் எழுந்து, போர்முரசை இறக்க அனுமதி கேட்டார். கொடுக்கவில்லை. உன் நாட்டு வயலில் குதிரைகள் புகுந்தால் மிதிபடப்போவது வண்டிக்காரரின் வீட்டுப் பயறு. உன் அண்டா மிதிபடாது.

பிறகு நாம் சடங்கை முடித்தோம். ஆம், உன் பயற்றிலேயே முடித்தோம். ஊறவைக்காமல், முளைகட்டாமல், கழுவி மட்டும் போட்டோம். பானை நீர் கொதித்ததும் பயற்றைப் போட்டு, ஒரு சிட்டிகை மஞ்சள் தூவினோம். உயிருள்ள பயறு என்றால் அது பாதி வேகும்வரை காத்திருந்துதான் அரிசி போட வேண்டும். உன் பயறு காத்திருக்க விடவில்லை. முன்பே ஒரு முறை வெந்ததல்லவா? அரிசி களைவதற்குள் குழைந்துவிட்டது. எப்படியோ, சடங்குக்கென்று ஒதுக்கி வைத்திருந்த சிவப்பரிசியைச் சேர்த்து, நசுக்கிய பூண்டும் சீரகமும் மிளகும் போட்டு, சின்ன வெங்காயத்தை வதக்கிக் கொட்டி, உப்பிட்டு, கறிவேப்பிலையைக் கிள்ளிப் போட்டு, ஒரு கரண்டி நல்லெண்ணெய் விட்டு இறக்கினோம். குழைந்த சோறு. முளைகட்டிய பயற்றின் இனிப்பு அதில் இல்லை. ஆனாலும் சோறு சோறுதான்.

அரசி உண்ட பிறகே குடிமக்கள் உண்பார்கள் என்பதால் முதல் பிடியை நாம் உண்டோம். மென்று இறக்கினோம். இந்தப் பயறு விதைக்கு ஆகாது, வயிற்றுக்கு ஆகும், ஒவ்வொரு வீடும் ஏற்கெனவே வெந்ததைச் சீக்கிரம் சமைத்துக்கொள்ளலாம், விறகு மிச்சம் என்று அறிவித்தோம். எவரோ ஒருவர் சிரித்தார். பிறகு முற்றமே சிரித்தது. சிரித்துக்கொண்டே சிலர் அழுதார்கள். இப்போது நாடு முழுவதும் உன் வஞ்சகத்தை வேகவைத்து உண்டுகொண்டிருக்கிறது. பிள்ளைகளின் கன்னத்தில் கொஞ்சம் சதை கூட வைத்திருக்கிறது. எங்களைப் பசியில் நிறுத்த நினைத்து எங்களுக்கே சோறு போட்டிருக்கிறாய். உன் அமைச்சர்களிடம் சொல், மகிழ்வார்கள்.

வண்டிக்காரர்கள் தங்கள் பைகளை எங்கள் விதைக்கென்று கவிழ்த்துக் கொடுத்துவிட்டார்கள். திரும்பிப் போகும் வழிக்கு என்ன செய்வீர்கள் என்று கேட்டேன். நீங்கள் சமைத்த குழைந்த சோற்றையே கட்டிக்கொடுங்கள் என்றார்கள். கட்டிக்கொடுத்தோம். அவர்கள் தந்த பயறு நாட்டுக்குக் காணாது, அரண்மனைப் பின்கட்டுத் தோட்டத்துக்குக் காணும். மழை பெய்தது. ஈரம் காய்வதற்குள் அதை நாமே விதைத்தோம். முள்வேலி கட்டி, ஆடு புகாமல் இருக்கக் கோட்டெயிலாரையே காவல் வைத்திருக்கிறோம். போர்க்களம் கண்ட மனிதர் இப்போது குச்சியோடு ஆடு துரத்துகிறார். பயறு இரண்டிலை விட்டிருக்கிறது. மற்ற வயல்கள் எல்லாம் ஈரத்தோடு வெறுமையாகக் கிடக்கின்றன, கிடந்தபடியே காய்கின்றன. ஓர் ஆண்டை நீ எங்களிடமிருந்து எடுத்துக்கொண்டாய். அடுத்த ஆண்டை எடுக்க முடியாது. இனி கரம்பை நாடு உன் வாசலுக்கு விதைக்கும் வராது, உணவுக்கும் வராது.

இத்துடன் அனுப்புவது என்ன என்பதையும் எழுதுகிறேன்.

உன் மூட்டைகள் எல்லாவற்றையும் பிரித்துப் பார்த்தோம் என்று மேலே எழுதியது முழு உண்மை அன்று. ஒன்றை மட்டும் பிரிக்கவில்லை. கடைசி வண்டியில், கடைசியாக ஏற்றிய மூட்டை. மற்றவை எல்லாம் நாறிய பிறகு இதை நான் அவிழ்க்க எடுத்தேன். கை வரவில்லை. தலையசைத்துவிட்டு வந்த பிறகு, யாருக்கும் தெரியாமல், மனம் கேட்காமல், ஒன்றையாவது கொதிக்கவிடாமல் நீ எங்கேனும் சேர்த்திருப்பாயோ என்று ஓர் எண்ணம். மூடத்தனம்தான். படைத்தலைவர் கேட்டால் சிரிப்பார். ஆனாலும் அதைப் பிரித்துப் பார்த்து, அதிலும் நீ இல்லை என்று தெரிந்துகொள்ள என்னால் முடியவில்லை. ஆகவே உன் முத்திரை உடையாமல் அதை உனக்கே அனுப்புகிறேன். அதன் கழுத்துக் கயிற்றில் என் மோதிரத்தைக் கட்டியிருக்கிறேன். இரண்டு ஆறுகள் கூடுவதைச் செதுக்கிய மோதிரம். அம்மாவின் விரலிலிருந்து என் விரலுக்கு வந்தது.

கரம்பை நாட்டு அரசி என்ற முறையில் இனி ஆணையிடுகிறோம்.

ஈராற்று வேந்தர் மருதவேள் இந்த மூட்டையைப் பரிசாரகர் கையில் கொடாமல், அமைச்சர் கண்ணில் காட்டாமல், தம் கையாலேயே பிரிக்கக் கடவர். தம் வீட்டு அடுப்பின் அருகே அமர்ந்து, எண்ணெய் போகத் தவிட்டால் தேய்த்துக் கழுவி, மாலையில் நல்ல நீரில் ஊறவைக்கக் கடவர். மறுநாள் நீரை வடித்து, தூய பருத்தித் துணியில் கட்டி, வெயில் படாத இடத்தில் தொங்கவிட்டு, துணி உலராமல் நீர் தெளித்து, முளைக்கும் நேரம் வரை பொறுமையாகக் காத்திருக்கக் கடவர். காத்திருக்கும் வேளையில் வேறு அரச காரியம் எதுவும் பார்க்க வேண்டாம். நாங்கள் காத்திருந்தது போலவே அவரும் காத்திருக்கட்டும். அதன் பிறகு தாமே முடிச்சை அவிழ்க்கக் கடவர்.

முளை இருந்தால், அது ஒரே ஒரு பயற்றில் இருந்தாலும் சரி, மோதிரத்தை எனக்குத் திருப்பி அனுப்புக. அந்த மோதிரம் எல்லையைத் தாண்டி வரும் நாளில், நான் பல்லக்கு இல்லாமல் நடந்து வந்து எல்லையில் நிற்பேன். பழையதைப் பேசமாட்டேன்.

முளை இல்லாவிட்டால், அந்தப் பயற்றில் ஒரு படி எடுத்து, அரிசி சேர்த்து, நாங்கள் சமைத்தது போலவே சமைத்து, ஒரு பருக்கை மீதமில்லாமல் தனியே அமர்ந்து உண்ணக் கடவர். மோதிரத்தைத் தம்மிடமே வைத்துக்கொள்ளக் கடவர். அதை அணிந்துகொள்ள ஈராற்று வேந்தருக்கு இனிக் கரம்பை நாட்டில் ஓர் அக்காள் இல்லை.

தூதர் அணிமுடியாரை மரியாதையோடும் வழிச்சோற்றோடும் அனுப்புகிறோம். உண்மையைச் சொன்னதற்காக அவர் மயிரிழை கூடத் துன்புறக்கூடாது. அவர் துன்புற்றார் என்று கேள்விப்பட்டால், இந்த ஓலையின் படியை உங்கள் நாட்டுச் சந்தைகள் தோறும் படிக்கச் செய்வோம். வண்டிக்காரர்களுக்கும் இதே காவல் உண்டு.

பின்கட்டுத் தோட்டத்தில் பயறு இரண்டிலை விட்ட நாளில், கரம்பைக் கோட்டைச் செம்மண் முற்றத்தில், நாம் சொல்லச் சொல்லக் கணக்கனார் எழுத, அவை அறிய எழுதிய ஓலை இது. சொன்னதில் கூட்டியதும் இல்லை, குறைத்ததும் இல்லை. கலப்பையும் கதிரும் பொறித்த கரம்பை நாட்டு முத்திரையை மெழுகில் இட்டோம். ஈராற்று மோதிரத்தை இதில் பதிக்கவில்லை. மண் சான்று. மழை சான்று.

முத்திரைக்குக் கீழே, என் கையால் எழுதுவது:

சின்னவனே, முளைத்திருந்தால் உப்பைக் கடைசியில் போடு. முளைக்காவிட்டால் எப்போது போட்டாலும் ஒன்றுதான்.